பாட்டில் பிறந்த உலகம்: வாசகர் கேள்வி பதில்

கேள்வி: ஃபேன்டசி நாவல் ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். அந்த உலகத்து மக்கள் கும்பிடும் ஒரு புனித நூல்தான் கதைக்கு மையம். ஏழு பாடல்கள், ஒவ்வொன்றுக்கும் ஒரு மந்திர சக்தி: ஒன்று மழை தரும், ஒன்று நோய் தீர்க்கும், இப்படி. படித்துப் பார்த்த தோழி, "மருந்துச் சீட்டு மாதிரி இருக்குடி" என்றாள். என்ன செய்யலாம்?
(கல்லூரி மாணவி, திருச்சி)

பதில்: தோழி சொன்னது சரி. இன்ன பாட்டுக்கு இன்ன பலன் என்று மட்டும் இருந்தால் அதை ஜனங்கள் எடுத்துப் புரட்டுவார்கள், வேலை முடிந்ததும் மூடி வைத்துவிடுவார்கள். கும்பிட வேண்டுமென்றால் தாங்கள் ஏன் இப்படிப் பிறந்தோம், ஏன் இவ்வளவு துன்பம் என்பதற்கு அந்த நூலில் ஏதாவது பதில் இருக்க வேண்டும்.

'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' எழுதிய ஆங்கில எழுத்தாளர் டோல்கீனின் 'ஐனூர்களின் இசை' என்ற படைப்புக் கதையைக் கட்டாயம் படியுங்கள். முதல் உலகப் போர் முடிந்த கையோடு, ஆக்ஸ்ஃபோர்டில் அகராதி வேலை பார்த்துக்கொண்டிருந்த நாட்களில் அதை எழுதினார். பிறகு பல முறை மாற்றி எழுதினார். 1973-இல் அவர் இறந்தபின், மகன் கிறிஸ்டோஃபர் 1977-இல் வெளியிட்ட 'சில்மரில்லியன்' இந்தக் கதையோடுதான் தொடங்குகிறது. எரு என்ற முழுமுதல் கடவுள் தன் எண்ணத்திலிருந்து ஐனூர் என்ற தேவர்களைப் படைத்து, ஒரு இசைக்கருவைக் கொடுத்துப் பாடச் சொல்கிறார். அவர்களில் மிகவும் ஆற்றல் வாய்ந்த மெல்கோர் தன் சொந்த எண்ணத்தை உள்ளே நுழைக்க, பக்கத்தில் நின்று பாடியவர்கள் தடுமாறுகிறார்கள், சிலர் அவன் சுருதிக்கே மாறிவிடுகிறார்கள். எரு முதல் முறை புன்னகையோடு இடது கையைத் தூக்கிப் புதிய இசையைத் தொடங்குகிறார், அதுவும் கலைந்தபோது முகம் இறுகி வலது கையைத் தூக்குகிறார். இந்த மூன்றாவது இசை மெதுவானது, சோகம் தோய்ந்தது. மெல்கோரின் இசையோ எக்காளங்கள் சேர்ந்து ஒரே சில ஸ்வரங்களைத் திரும்பத் திரும்ப முழங்குவது போன்றது. ஆனால் அதன் மிக உரத்த ஸ்வரங்களைக்கூட அந்தச் சோக இசை எடுத்துத் தனக்குள் பின்னிக்கொள்கிறது!

இதை வெறும் தத்துவமாக விட்டிருந்தால் நமக்கு ஒட்டியிருக்காது. அப்புறம் ஒரு சின்ன இடம் வருகிறது, எனக்கு மிகவும் பிடித்தது. தண்ணீரை நேசிக்கும் உல்மோ என்ற தேவனிடம் எரு சொல்கிறார்: மெல்கோர் உன் நீரைக் கெடுக்கக் கடுங்குளிரை உண்டாக்கினான், இதோ பனித்துகளைப் பார், அளவில்லாத வெப்பத்தை உண்டாக்கினான், இதோ மேகத்தையும் மழையையும் பார். தான் கற்பனை செய்ததைவிடத் தண்ணீர் அழகாகிவிட்டது என்கிறான் உல்மோ. அந்த உலகத்தில் பனி விழும்போதெல்லாம் படைப்பில் நடந்த அந்தச் சண்டை நினைவுக்கு வரும். உங்கள் நூலிலும் இப்படி ஒன்று வேண்டும், அதை நம்புகிறவள் காலையில் வாசல் கதவைத் திறந்தால் கண்ணில் படுகிற ஏதாவது ஒன்று.

சரி, மந்திரத்துக்கு வருவோம். அதே புத்தகத்தில் ஃபின்ராட் என்ற எல்ஃப் (மனிதரை ஒத்த, முதுமையால் சாகாத இனம்) அரசனும், மெல்கோரின் கையாளான சவ்ரோனும் கத்தி எடுக்காமல் பாட்டாலேயே மோதிக்கொள்கிறார்கள். ஃபின்ராட் விடுதலையைப் பாடுகிறான், தன் நாட்டுப் பறவைகளின் குரலையும் கடலின் பெருமூச்சையும் பாட்டுக்குள் கொண்டுவருகிறான். ஜெயித்துவிடுவான் போலத்தான் இருக்கிறது. அப்போது சவ்ரோனின் பாட்டில் பழைய உண்மை ஒன்று வருகிறது: ஃபின்ராடின் இனத்தார் கப்பல்களுக்காகக் கடலோர எல்ஃப்களைக் கொன்ற கதை. அவன் கையால் செய்த பாவம் இல்லை, ஆனாலும் அங்கேதான் விழுகிறான். பாட்டின் சக்தி எங்கே உடையும் என்பதை இப்படி முடிவு செய்யுங்கள். உங்கள் மழைப் பாடலைப் பொய் சொன்ன வாய் பாடினால் என்ன ஆகும்?

டோல்கீன் மாணவராக இருந்தபோது ஃபின்லாந்தின் 'கலேவலா' காவியத்தில் மூழ்கிப் போனவர். எலியாஸ் லோன்ரோட் நாட்டுப்புறப் பாடல்களைத் திரட்டி 1835-இல் வெளியிட்டது, 1849-இல் 50 பாடல்களாக விரிந்தது. அதில் வைனமோய்னென் என்ற கிழப்பாடகர் பாடிப் பாடியே ஒரு படகு கட்டுகிறார். முடிக்க இன்னும் மூன்று சொற்கள் குறைகின்றன. அந்த மூன்று சொற்களைத் தேடிச் செத்தவர்கள் உலகத்துக்குப் போய்க் கிடைக்காமல் திரும்பி, கடைசியில் மண்ணுக்குள் படுத்திருக்கும் ஒரு பூதத்தின் வயிற்றுக்குள் போய், அங்கேயே கொல்லுப்பட்டறை போட்டுச் சம்மட்டியால் அடி அடியென்று அடித்து, வலி தாங்காத பூதம் தனக்குத் தெரிந்த அத்தனை பாட்டையும் பாடிய பிறகுதான் படகு முடிகிறது. உங்கள் ஏழு பாடல்களில் ஒன்றில் ஒரு வரியைத் தொலைத்துவிடுங்கள். தேடிப் போக ஆள் கிடைப்பாள், நாவல் நகரும்.

கேள்வி: 'சில்மரில்லியன்' வாங்கி 20 பக்கத்தில் நின்றுவிட்டேன். பெயர்களே தலை சுற்ற வைக்கின்றன. எப்படிப் படிப்பது?
(வாசகர், மதுரை)

பதில்: மேலே சொன்ன படைப்புக் கதையை மட்டும் ஒரு மாலையில் வாய்விட்டுப் படியுங்கள், சில பக்கங்கள்தான். பெயர்களை மனப்பாடம் செய்ய வேண்டாம், கடைசியில் பெயர் அகராதி இருக்கிறது. பிறகு நேராக 19-ஆம் அத்தியாயத்துக்குப் போய்விடுங்கள். ஃபின்ராடின் பாட்டுச் சண்டை அங்கேதான் வருகிறது. லூத்தியன் என்ற பெண் அரக்கர்கோன் முன்னால் (மேலே பார்த்த அதே மெல்கோர்தான்) பாடி அவன் சபையையே தூங்க வைக்கும் இடமும் அதில்தான். அவன் இடி போல் சரிந்து விழ, தலையிலிருந்து கிரீடம் எதிரொலியோடு உருண்டு போகிறது. லூத்தியன் காட்டில் ஆடும் காட்சி, டோல்கீன் மனைவி ஈடித் யார்க்‌ஷயர் பக்கம் ஒரு தோப்பில் அவருக்காக ஆடியதிலிருந்து பிறந்தது. ஆக்ஸ்ஃபோர்டில் இருவரும் ஒரே கல்லறையில் இருக்கிறார்கள். ஈடித் பெயருக்குக் கீழே லூத்தியன் என்றும், டோல்கீன் பெயருக்குக் கீழே கதையில் லூத்தியனின் காதலனான பெரன் பெயரும் கல்லில் பொறித்திருக்கிறது.