முகம் வருகிறது, உடம்பு விறைக்கிறது: என்ன பயிற்சி செய்யலாம்?

கேள்வி: முகம் ஓரளவு சாயலோடு வந்துவிடுகிறது. முழு உருவம் வரைந்தால் மட்டும் மரப்பாச்சி போல விறைத்து நிற்கிறது. மாடல் வைத்து வரைய வசதியில்லை. தினமும் ஒரு மணி நேரம் ஒதுக்க முடியும். அனாடமி புத்தகம் வாங்கட்டுமா?

பதில்: புத்தகத்துக்கு அவசரமில்லை. முகத்தில் தொடங்கி அவுட்லைனாகவே கீழே இறங்குவதால்தான் பெரும்பாலும் உருவம் விறைக்கிறது. உடம்பின் எடை எந்தக் காலில் இறங்குகிறது என்பதை முதலில் பாருங்கள்.

ஒரு காலில் எடையைப் போட்டு நிற்பவருக்கு அந்தப் பக்கத்து இடுப்பு மேலேறும். அதை ஈடுகட்ட அதே பக்கத்துத் தோள் பெரும்பாலும் தாழும். முன்னாலிருந்து பார்த்தால், கழுத்துக் குழியிலிருந்து நேர்கீழே விடும் கோடு எடை தாங்கும் காலின் கணுக்கால் அருகே விழும். எதிலும் சாயாமல் நிற்பவருக்கு இது தப்பினால், படத்தில் ஆள் விழப்போவது போலத் தெரியும். சோழர் காலச் செப்புத் திருமேனிகளின் திரிபங்க நிலையிலும் (உடம்பு மூன்று இடங்களில் வளைந்து நிற்கும் நிலை) இந்த எதிரெதிர்ச் சாய்வைப் பார்க்கலாம். சென்னையில் இருந்தால் எழும்பூர் அருங்காட்சியகத்துக்குப் போய், திருவெண்காட்டு அர்த்தநாரீசுவரர் முன் பொறுமையாக நில்லுங்கள். அசையாத மாடல் அவர்.

முதல் 20 நிமிடம், ஒரு நிமிடத்துக்கு ஒரு ஸ்கெட்ச். தலைக்கு ஒரு முட்டை வடிவம், முதுகெலும்பின் வளைவு, தோள்கோடு, இடுப்புக்கோடு, எடை தாங்கும் கால். அவ்வளவுதான்; விரல், கண், மூக்கு வேண்டாம். ரப்பரைத் தள்ளி வையுங்கள். கையைத் தோளிலிருந்து அசைத்து வரையுங்கள். பேருந்து நிலையத்தில் காத்திருப்பவர்களே போதும். அவர்கள் கால் மாற்றி நிற்பதும் நல்லதுதான், அடுத்த போஸ் கிடைக்கிறது.

அடுத்த 30 நிமிடம், ஒரே போஸ். அளவு பார்க்க வேண்டியது இங்கேதான். வளர்ந்தவரின் உயரம் சுமார் ஏழரைத் தலை. உடம்பின் பாதி தொப்புளில் இல்லை, கவட்டையருகே இருக்கிறது. இதைக் கவனிக்காதவர்கள் கால்களைக் குட்டையாக்கிவிடுகிறார்கள். உள்ளங்கையின் அடிப்பகுதியை மோவாயில் வைத்துப் பாருங்கள், விரல்நுனி கிட்டத்தட்ட முடி தொடங்கும் இடத்தைத் தொடும். பலர் கையைச் சிறிதாக வரைவது அப்போது புரியும். போட்டோ பார்த்து வரைவதானால் மூன்று, நான்கு மீட்டர் தள்ளி, போனை இடுப்பு உயரத்தில் பிடித்து எடுங்கள். கிட்டே நின்று, முகத்துக்கு நேராகப் பிடித்தால் தலை பெருத்துக் கால் சிறுத்துவிடும்.

கடைசி 10 நிமிடம் அதே போஸைப் பார்க்காமல் வரையுங்கள். தூக்கிய கையில் தோள்பட்டை எலும்பு எங்கே நகர்கிறது, மடக்கிய முழங்காலில் எது துருத்துகிறது என்று அப்போது திணறுவீர்கள். அனாடமி புத்தகத்தை அந்தக் கட்டத்தில் வாங்குங்கள்.