நாடு கடனைக் கட்டாமல் நின்றுவிட்டால் கண்டெய்னர் பணம் என்ன ஆகும்?

கேள்வி: வாஷி சந்தையில் இருபது ஆண்டுகளாக வெங்காய வியாபாரம் செய்கிறேன். 2022இல் கொழும்புக்கு அனுப்பிய மூன்று கண்டெய்னர் சரக்குக்கான 36,000 டாலர், பதினொரு மாதம் இழுத்தடித்துத்தான் வந்து சேர்ந்தது. இப்போது மாலேயிலிருந்து ஒருவர் தொண்ணூறு நாள் கடனில் சரக்கு கேட்கிறார். மாலத்தீவும் இலங்கையைப் போல் ஆகிவிடும் என்று சந்தையில் பேசிக்கொள்கிறார்கள். "பணம் வராவிட்டால் துபாய் வழியாக நான் முடித்துத் தருகிறேன்" என்று மஸ்ஜித் பந்தரில் ஒரு புரோக்கர் தைரியம் சொல்கிறார். அனுப்பலாமா?
– வாசகர், செம்பூர், மும்பை

பதில்: அனுப்பலாம். ஆனால் தொண்ணூறு நாள் கடனில் அனுப்பக் கூடாது. அந்தப் புரோக்கரை நம்பி ஒரு மூட்டைகூட அனுப்பக் கூடாது. ஏன் என்பதை உங்கள் கொழும்பு அனுபவத்தை வைத்தே சொல்கிறேன்.

ஒரு நாடு கடனைக் கட்டவில்லை என்றால் அங்குள்ள வியாபாரியும் திவாலாகிவிட்டார் என்று பொருளல்ல. 2022 ஏப்ரல் 12 அன்று இலங்கை நிறுத்தி வைத்தது அரசு வெளிநாடுகளில் வாங்கியிருந்த கடனைத்தான். புறக்கோட்டை நான்காம் குறுக்குத் தெருவில் உங்கள் வெங்காயத்தை வாங்கியவர் அதை விற்று இலங்கை ரூபாயைக் கல்லாவில் வைத்திருந்தார். அந்த ரூபாயை வாங்கிக்கொண்டு டாலரைக் கொடுக்க அவருடைய வங்கியிடம்தான் டாலர் இல்லை. அந்தத் தட்டுப்பாடும் ஏப்ரலில் திடீரென்று வந்ததல்ல. ஒரு டாலர் 200 ரூபாய் சுமாரில் செயற்கையாக நிறுத்தி வைக்கப்பட்டிருந்ததால், வெளிநாட்டில் உழைத்தவர்கள் கூடுதல் விலை கிடைத்த உண்டியல் வழிக்கு, அதாவது வங்கியைத் தொடாமல் ஆட்கள் மூலம் பணம் கைமாற்றும் திருட்டு வழிக்கு, மாறினார்கள். 2020இல் சுமார் 710 கோடி டாலராக வங்கி வழியே வந்த பணம் 2021இல் சுமார் 550 கோடியாகக் குறைந்தது. உணவுப் பொருள் ஏற்றிய ஆயிரத்துக்கும் மேற்பட்ட கண்டெய்னர்கள் டாலர் இல்லாமல் கொழும்புத் துறைமுகத்தில் தேங்கிக் கிடந்த நேரத்தில்தான், 2022 ஜனவரியில், அந்த அரசு 50 கோடி டாலர் கடன் பத்திரத்துக்குப் பணத்தைக் கட்டி முடித்தது. ஆகவே, நாடு கடனைக் கட்டுகிறது என்ற செய்தியைப் படித்துவிட்டு நம் பணமும் வந்துவிடும் என்று நிம்மதி அடைவது தவறு. அந்தக் கடனைக் கட்டுவதற்காகவே உங்கள் டாலர் நிறுத்தி வைக்கப்படலாம்.

நீங்கள் கவனிக்க வேண்டியது வங்கி விலைக்கும் வெளிச்சந்தை விலைக்கும் உள்ள இடைவெளியை. மாலத்தீவில் ஒரு டாலருக்கு 15.42 ருஃபியா என்பது பல ஆண்டுகளாக மாறாத வங்கி விலை. வெளிச்சந்தையில் அதற்கும் மேல் கொடுத்துத்தான் வாங்க வேண்டியிருக்கிறது. 2024 அக்டோபரில் இந்தியா 40 கோடி டாலரும் 3,000 கோடி ரூபாயும் கொண்ட நாணயப் பரிமாற்ற வசதியை (மத்திய வங்கிகளுக்கிடையே தற்காலிகமாக நாணயம் கொடுத்து வாங்கும் ஏற்பாட்டை) கொடுத்ததால் அந்த நாட்டுக்கு மூச்சுவிட நேரம் கிடைத்தது. அந்த வசதியை உங்கள் பில்லுக்கான உத்தரவாதமாக நினைத்துவிடாதீர்கள். மாலே வியாபாரியிடம் நேராகக் கேளுங்கள்: டாலரை வங்கியில் வாங்குகிறாரா, வெளியில் வாங்குகிறாரா, கடைசி மூன்று பில்களுக்கு வங்கி எத்தனை நாளில் டாலர் கொடுத்தது? பதில் சொல்லத் தயங்கினால் அதுவே பதில்.

இனி, 2022இல் உங்களைப் போன்ற பலரைச் சிக்க வைத்த ஒரு சங்கதியைக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். வாங்குபவர் தம் வங்கியில் உள்ளூர்ப் பணத்தைக் கட்டிவிட்டு, "நான் கட்டிவிட்டேன், இனி உங்கள் பாடு, வங்கியின் பாடு" என்று ரசீதை வாட்ஸாப்பில் அனுப்புவார். உங்கள் கணக்கையே எடுத்துக்கொள்வோம். 36,000 டாலருக்கு, 203 ரூபாய் விலையில் 73 லட்சத்து 8 ஆயிரம் இலங்கை ரூபாய். மார்ச் 7 அன்று அந்த நாணயத்தின் பிடியைத் தளர்த்தினார்கள்; மே நடுவில் விலை 360ஐத் தொட்டது. அதே 36,000 டாலருக்கு அப்போது 129 லட்சத்து 60 ஆயிரம் தேவை. இடையில் உள்ள 56 லட்சத்துச் சொச்சம் யாருடைய நஷ்டம்? ஒப்பந்தத்தில் டாலர் என்று எழுதியிருந்தால், டாலர் உங்கள் கணக்கில் விழும்வரை கடன் தீரவில்லை. வித்தியாசத்தை வாங்குபவர்தான் ஏற்க வேண்டும். ஆனால் அதை அவர் முன்கூட்டியே எழுத்தில் ஒப்புக்கொண்டிருக்க வேண்டும். "உள்ளூர் நாணயத்தில் செலுத்திய தொகை, டாலர் அனுப்பப்படும் நாளின் விலையில் குறைந்தால் மீதியை நானே கட்டுவேன்" என்ற ஒரே ஒரு வரி போதும். அது இல்லாமல் பின்னால் சண்டை போட்டவர்களில் பலர் பாதிப் பணத்துக்குச் சமாதானம் ஆனதை நான் வங்கியின் அந்நியச் செலாவணிப் பிரிவில் இருந்தபோது பார்த்திருக்கிறேன்.

இதிலேயே இன்னொன்றும் உண்டு. வசூலுக்கு அனுப்பும் பில்களுக்கான யூ.ஆர்.சி. 522 என்ற சர்வதேச விதிகளில் 18ஆம் விதி, டாலர் பில் என்றால் அந்த டாலரை உடனே அனுப்ப முடிகிற நிலையில்தான் அங்குள்ள வங்கி, சரக்கை எடுக்கத் தேவையான ஆவணங்களை விடுவிக்க வேண்டும் என்கிறது. ஆனால், நாம் வேறு விதமாகச் சொன்னால் அந்தப் பாதுகாப்பு போய்விடும். உங்கள் ஏஜென்ட் நிரப்பிக் கொடுக்கும் வங்கிக் கடிதத்தில் "உள்ளூர் நாணய வைப்பின் பேரில் ஆவணம் கொடுக்கலாம்" என்று ஒரு கட்டத்தில் டிக் அடிக்கப்பட்டிருக்கிறதா என்று நீங்களே படித்துப் பாருங்கள். ஏஜென்ட்டுக்கு வேலை சீக்கிரம் முடிய வேண்டும். அவர் எல்லாக் கட்டத்திலும் டிக் அடிப்பார்.

எல்.சி., அதாவது ஆவணங்கள் சரியாக இருந்தால் பணம் தருவேன் என்று வாங்குபவரின் வங்கி எழுதித் தரும் கடிதம், இருந்தால் பயமில்லை என்று சந்தையில் சொல்வதை அப்படியே நம்பாதீர்கள். மாலே வங்கி கொடுக்கும் எல்.சி. அந்த வங்கியின் வாக்கு மட்டுமே. அதனிடமே டாலர் இல்லாதபோது அந்த வாக்கை வைத்து என்ன செய்வது? மும்பையிலோ சிங்கப்பூரிலோ உள்ள ஒரு வங்கி அதற்குத் தன் பொறுப்பையும் சேர்க்க வேண்டும். அதுதான் கன்ஃபர்ம்டு எல்.சி. எல்.சி.யை வங்கிகள் ஒன்றுக்கொன்று அனுப்பும் ஸ்விஃப்ட் செய்தியில் 49 என்ற எண்ணிட்ட வரியைப் பாருங்கள். அதில் "வித்தவுட்" என்று இருந்தால் அந்தக் கூடுதல் பொறுப்பு இல்லை. "கன்ஃபர்ம்" என்று இருந்தாலும் அது கோரிக்கைதான். இங்குள்ள வங்கி "நாங்கள் கன்ஃபர்ம் செய்துவிட்டோம்" என்று தனிக் கடிதம் தந்த பிறகுதான் அது பாதுகாப்பு.

அடுத்தது காப்பீடு. 1957 முதல் மும்பையைத் தலைமையிடமாகக் கொண்டு இயங்கும், ஏற்றுமதிக் கடனுக்குக் காப்பீடு தரும் அரசு நிறுவனமான இ.சி.ஜி.சி., வாங்குபவர் திவாலாவதற்கு மட்டுமன்றி, அவருடைய நாடு பணத்தை வெளியே விடாமல் தடுப்பதற்கும் காப்பு தருகிறது. ஆனால் அது சரக்கு ஏறுவதற்கு முன்பே பாலிசி எடுத்து, அந்த வாங்குபவருக்கென்று வரம்பு வாங்கி, மாதாமாதம் அனுப்பிய சரக்கின் கணக்கைக் கொடுத்தவருக்குத்தான். "பணம் நின்ற பிறகும் பாலிசி போட்டுத் தருகிறேன்" என்று எவராவது சொன்னால் அவருக்குக் காபிகூட வாங்கிக் கொடுக்காதீர்கள். இவ்வளவு முக்கியமான விஷயத்தை வங்கிக் கிளையில் யாரும் தாமாகச் சொல்வதில்லை என்பதுதான் எனக்கு ஆற்றாமை. 2022 ஜூலை 8 அன்று, இலங்கை வணிகப் பணத்தை ஏசியன் கிளியரிங் யூனியனுக்கு (ஆசிய நாடுகளின் மத்திய வங்கிகள் தமக்குள் கணக்குத் தீர்க்கும் அமைப்புக்கு) வெளியே தீர்த்துக்கொள்ளலாம் என்று ரிசர்வ் வங்கி சுற்றறிக்கை விட்டது. அது வந்து பல வாரங்களான பிறகும், நான் உடன் சென்ற ஒரு வியாபாரியிடம் கிளை அதிகாரி பழைய விதியையே ஒப்பித்தார். அந்த வியாபாரியின் பில் பாக்கி நிற்கிறது என்று நினைவூட்டல் கடிதம் அனுப்ப மட்டும் அதே கிளை ஒரு மாதம்கூடத் தவறவில்லை.

கடைசியாக அந்தப் புரோக்கர். அவர் செய்யப்போவது உண்டியல். மாலேயில் ருஃபியா கைமாறும். மஸ்ஜித் பந்தரில் உங்கள் கையில் ரொக்கம் வரும். ஆனால் ஏற்றுமதிப் பணம் வந்ததா என்று கண்காணிக்கும் ரிசர்வ் வங்கியின் இ.டி.பி.எம்.எஸ். பதிவில் உங்கள் ஷிப்பிங் பில் (சுங்கத்தில் கொடுத்த ஏற்றுமதிப் படிவம்), டாலர் வராத பில்லாகவே நிற்கும். அடுத்த ஏற்றுமதிக்கு வங்கி தயங்கும், வாங்கிய ஏற்றுமதிச் சலுகையைத் திருப்பிக் கேட்பார்கள். அந்நியச் செலாவணிச் சட்டமான ஃபெமாவின்படி சம்பந்தப்பட்ட தொகையைப் போல் மூன்று மடங்கு வரை அபராதம் விதிக்கலாம். அபராத நோட்டீஸ் உங்கள் பெயருக்குத்தான் வரும். அன்று புரோக்கரின் செல்போன் அணைந்திருக்கும்.

உங்கள் மாலே ஆர்டருக்கு இப்படிச் செய்யுங்கள். வெங்காயம் அழுகும் சரக்கு. பணம் வரும்வரை ஆவணத்தைப் பிடித்து வைத்தால் துறைமுக வாடகை ஏறும், சரக்கும் போய்விடும். ஆகவே பாதித் தொகையையாவது முன்பணமாக வங்கி வழியே கேளுங்கள். மீதியைப் பணம் கொடுத்தால்தான் ஆவணம் என்ற முறையில் வையுங்கள். இந்திய ரூபாயில் பில் போட அவர் சம்மதிக்கிறாரா என்றும் கேளுங்கள். இரு நாட்டு மத்திய வங்கிகளும் 2024 நவம்பரில் தத்தம் நாணயத்தில் வணிகம் செய்ய உடன்பாடு செய்திருக்கின்றன. முதலில் ஒரே ஒரு கண்டெய்னர். அதற்கும் இ.சி.ஜி.சி. வரம்புக் கடிதம் கைக்கு வந்த பிறகுதான், நவா சேவா துறைமுகத்துக்கு லாரியை அனுப்புங்கள்.