எக்ஸ்ரேயில் ஒன்றும் இல்லை என்றால் என் வலியை நீதிமன்றம் நம்புமா?

கார் விபத்துக்குப் பிறகு கழுத்து வலி தீரவில்லை, எக்ஸ்ரேயில் ஒன்றும் இல்லை, எதிர்த்தரப்பு நடிப்பு என்கிறது, நீதிபதி எதை வைத்து நம்புவார் என்று கேட்டிருக்கிறீர்கள். அந்த 'நடிப்பு' என்ற சொல்லைப் பார்த்ததும் பதில் எழுதாமல் போக முடியவில்லை. கூண்டில் நின்றபோது எனக்கும் அதைத்தான் சொன்னார்கள்.

நான் வக்கீல் இல்லை. ஒரு கேஸை வைத்து எல்லாவற்றையும் பேசாதே என்று யாராவது வருவீர்கள், எனக்கு நடந்ததை மட்டும்தான் சொல்கிறேன். பொய்க் கேஸ் போடுகிறவர்கள் இருக்கிறார்கள், தெரியும். அவர்களால்தான் எங்களையும் அப்படிப் பார்க்கிறார்கள்.

சிக்னலில் நின்றிருந்த என் காரைப் பின்னாலிருந்து ஒரு வண்டி இடித்தது. அன்று மருத்துவமனையில் கேட்டபோது "லேசாகப் பிடித்திருக்கிறது, பரவாயில்லை" என்றேன். பதற்றத்தில் வலியே தெரியவில்லை. மறுநாள் காலையில் கழுத்தைத் திருப்ப முடியவில்லை. தசையும் தசைநாரும் இழுபட்ட காயம் எக்ஸ்ரேயில் தெரியாது, வலியும் பலருக்குச் சில மணி நேரம் கழித்துத்தான் ஏறும். ஆனால் ஒன்றரை வருடம் கழித்துக் குறுக்கு விசாரணையில் முதலில் வாசித்தது அந்தப் 'பரவாயில்லை'யைத்தான்.

அடுத்து, நடுவில் ஆறு வாரம் பிசியோவுக்கு ஏன் போகவில்லை என்றார்கள். அம்மா படுக்கையில் இருந்தார், பார்த்துக்கொள்ள வேறு ஆள் இல்லை. அப்புறம்தான் பெரிய அடி. முன்பு கழுத்து வலி வந்ததுண்டா என்றதற்கு இல்லை என்றேன், நான்கு வருடத்துக்கு முந்தைய டாக்டர் சீட்டை எடுத்து நீட்டினார்கள். சத்தியமாக மறந்துபோயிருந்தேன். பழைய வலியை மறைக்கவே கூடாது, இருந்த வலியை விபத்து மோசமாக்கியிருந்தால் அந்த அளவுக்குக் கேட்கலாம், மறைத்தது போலத் தெரிந்தால்தான் சொன்னது எல்லாமே சந்தேகமாகிவிடும் என்று என் வக்கீல் முன்பே எச்சரித்திருந்தார். "மறந்துவிட்டேன், அந்தச் சீட்டு என்னுடையதுதான்" என்று அங்கேயே ஒப்புக்கொண்டேன்.

கடைசியாக ஒரு புகைப்படம். ஒரு பிறந்தநாளில் அக்கா மகனை நான் தூக்கி வைத்திருக்கும் படம். தூக்கியது ஒரு நிமிடம், அன்று இரவு முழுக்கத் தூங்கவில்லை, அது படத்தில் தெரியுமா? அதை இணையத்தில் போட்டது என் அத்தை மகள், என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. அதை நீக்கச் சொல்லிக் கெஞ்சியதற்கு "உனக்கு எல்லாமே பெரிய விஷயம்" என்றாள். அடுத்தவர் முகத்தை ஊருக்குக் காட்ட இவர்களுக்கு யார் உரிமை கொடுத்தது? இன்றுவரை ஆறவில்லை. சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

நீதிபதி என் முகத்தையும் குரலையும் வைத்து முடிவு செய்யவில்லை. அப்படிச் செய்தால் யாருக்கும் சரியாக வராது. பாண்ட், டிபாலோ என்ற இரு ஆய்வாளர்கள் 2006இல் பல ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்ததில், எதிரே இருப்பவர் சொல்வது பொய்யா நிஜமா என்று மக்கள் சரியாகச் சொன்னது சராசரியாக 54 சதவீதம்தான். தீர்ப்பில் இருந்தது வேறு. விபத்துக்கு முன்பும் பின்பும் என் விடுப்புக் கணக்கு எப்படி மாறியது, பிசியோ குறிப்புகளில் மாதாமாதம் ஒரே இடத்து வலி பதிவாகியிருக்கிறதா, எனக்கு லாபமில்லாததையும் நான் ஒப்புக்கொண்டேனா, இவற்றை ஒன்றோடொன்று பொருத்திப் பார்த்திருந்தார். இது சிவில் கேஸ், துளி சந்தேகமும் இல்லாமல் நிரூபிக்க வேண்டியதில்லை, நடந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று தெரிந்தால் போதும்.

காயத்தை நம்பினார். ஆறு வார இடைவெளிக்காகக் கொஞ்சம் குறைத்தார், வருங்கால வருமான இழப்பு என்று நான் கேட்டதை ஏற்கவில்லை. அதில் எனக்கு வருத்தம் உண்டு, ஆனால் பொய் சொன்னதாக ஒரு வரிகூட எழுதவில்லை.

உங்கள் முதல் நாள் மருத்துவக் குறிப்பின் நகலை இந்த வாரமே வாங்கிப் படியுங்கள். நீங்கள் சொன்னதற்கு மாறாக அதில் ஏதாவது இருந்தால் எதிர்த்தரப்பு வாசிப்பதற்கு முன்னால் உங்கள் வக்கீலிடம் சொல்லிவிடுங்கள்.