பிஎஸ் டூ-வுல கிரிக்கெட் 07 ஆடினா கேஸ் வருமா?

கேள்வி: வக்கீல் சார், நமக்கு சேலம் அம்மாபேட்டை. சித்தப்பா குடுத்த பழைய குண்டு பிஎஸ் டூ (டிவில மாட்டி ஆடற பிளேஸ்டேஷன் 2 கேம் மெஷின்) இருக்கு, கூடவே கிரிக்கெட் 07-ங்கற வீடியோ கேமோட ஒரிஜினல் டிஸ்க்கும். டிஸ்க் கீறல் விழுந்து பாதி மேட்ச்ல நின்னுடுது, அதனால மெமரி கார்டுல சாஃப்ட்வேர் ஏத்தி ஹார்டு டிஸ்க்ல காப்பி போட்டு ஆடறேன். ஏத்தி குடுத்த கடைக்காரர் இன்னும் 60 கேம் சும்மாவே போட்டு குடுத்துட்டாரு. இப்ப மச்சான், ஏற்காடு காட்டேஜ்ல இத வெச்சு மணிக்கு 100 ரூபா வாங்கலாம்கறான். போலீஸ் புடிக்குமா?

பதில்: தம்பி, நீங்க பயப்படறது மெமரி கார்ட பாத்து, நான் பயப்படறது அந்த 60 கேம பாத்து.

காப்புரிமை (காப்பிரைட்) சட்டம் 1957-ல 2012-ல சேத்த 65ஏ பிரிவு இருக்கு, காப்பி ஓடாம இருக்க கம்பெனி போட்ட பூட்ட உங்க மெமரி கார்டு சாஃப்ட்வேர் மாதிரி எதாவது வெச்சு உடைச்சா 2 வருஷம் வரைக்கும் ஜெயில், அபராதமும் உண்டு. ஆனா காப்புரிமைய மீறற எண்ணத்தோட உடைச்சிருக்கணும், அத அரசு தரப்பு காட்டணும். காசு குடுத்து வாங்கின டிஸ்க் வீணாகாம இருக்க காப்பி எடுத்துக்க அதே சட்டத்தோட 52(1)(ஏஏ) பிரிவு இடம் குடுக்குது, அதனால கிரிக்கெட் 07 வரைக்கும் உங்க பக்கம் பேச நியாயம் இருக்கு, அந்த காப்பி உங்க டிஸ்க்லேர்ந்தே எடுத்ததா இருந்தா. கடைக்காரர் நெட்ல இறக்குனதுன்னா வாதம் கொஞ்சம் நொண்டும். கீறல் விழுந்துச்சேன்னு டிஸ்க்க தூக்கி போட்டுடாதீங்க.

2006-ல வந்த கேம், இப்ப யாரும் விக்கறதில்லயேன்னு கேப்பீங்க. கடையில கிடைக்கலங்கறதால உரிமை போயிடாது, அது பாட்டுக்கு இன்னும் பல வருஷம் ஓடும்.

மத்த 60-ம் திருட்டு காப்பிதான். தெரிஞ்சே ஓட்டினா 63பி பிரிவு, 7 நாள்லேர்ந்து 3 வருஷம் ஜெயில், அபராதம் 50,000-லேர்ந்து 2 லட்சம். சம்பாதிக்க இல்லாம வீட்ல ஆடினதுன்னா கோர்ட் ஜெயில் குடுக்காம 50,000 வரைக்கும் அபராதத்தோட விடலாம்னு அதே பிரிவுல சலுகை இருக்கு. மச்சான் 100 ரூபா கை நீட்டி வாங்கின நிமிஷமே அந்த சலுகை போச்சு. சப்-இன்ஸ்பெக்டரே வாரண்ட் இல்லாம திருட்டு காப்பி இருக்கற ஹார்டு டிஸ்க்க தூக்கலாம், அப்புறம் 20 ஹேர்பின் பெண்டும் இறங்கி அஸ்தம்பட்டி கோர்ட்டுக்கு வாய்தா வாய்தாவா அலையணும், 100 ரூபாய்க்கு இது தேவையா.

சரி ஒரிஜினல் டிஸ்க்க மட்டும் வெச்சா? மணிக்கணக்குல காசு வாங்கினா வாடகைக்கு விட்ட மாதிரின்னு வாதம் வரும், கம்ப்யூட்டர் புரோகிராம வாடகைக்கு விடற உரிமை 14-ம் பிரிவுப்படி கம்பெனிக்குத்தான். டிஸ்க் கவர் பின்னாடி பொடி எழுத்துல வீட்டு உபயோகத்துக்கு மட்டும்னும் போட்டிருக்கும், படிச்சிருக்க மாட்டீங்க, நானும் ஆடற வயசுல படிச்சதில்ல. காட்டேஜ் வாடகைதான் முக்கியம், டிவி மாதிரி இதுவும் ரூம்ல சும்மா கெடக்குன்னா அதே பிரிவுல உள்ள விலக்க காட்டி பேசிப் பாக்கலாம், ஆனா அதுக்கு கேமுக்குன்னு தனி பில் போடவே கூடாது.

இன்னிக்கு ராத்திரியே அந்த 60-யும் அழிச்சிடுங்க. மச்சான்கிட்ட கேரம் போர்டு வாங்கி வைக்க சொல்லுங்க.