நடிப்பிலிருந்து நாவலுக்குப் போன பிரெஞ்சு நடிகை யாராவது உண்டா? அவரை எந்தப் புத்தகத்தில் தொடங்கலாம்?

உண்டு, ஒருவருக்கு மேலேயே உண்டு. ஆனால் என்னைக் கேட்டால் ஆன் வியாசெம்ஸ்கி என்றுதான் சொல்வேன். 1947-ல் பெர்லினில் பிறந்து 2017-ல் பாரிஸில் இறந்தவர்.

நான் இவரிடம் போய்ச் சேர்ந்தது ஒரு கழுதை வழியாக. பிரெஞ்சு இயக்குநர் ரொபேர் பிரெஸ்ஸோனின் 'ஓ அசார் பல்தசார்' (1966) ஒரு கழுதையின் பிறப்பு முதல் சாவு வரை சொல்லும் படம். அதில் மரி என்ற பெண் ராத்திரி வீட்டுக்கு வெளியே வந்து கழுதையின் தலையில் பூச்சூட்டுகிறாள், முத்தம் கொடுக்கிறாள், பிறகு பெஞ்சில் உட்காருகிறாள். பின்னாலிருந்து இருட்டில் ஒரு பையனின் கை அவள் கையை நோக்கி மெல்ல வருகிறது. அவள் முகத்தில் பெரிதாக எதுவும் தெரிவதில்லை. முதல் தடவை பார்த்தபோது, 'இந்தப் பெண்ணுக்கு நடிக்கவே தெரியவில்லையே' என்று நினைத்தேன். அப்புறம்தான் தெரிந்தது, பிரெஸ்ஸோன் கேட்டதே அதைத்தான். தொழில்முறை நடிகர்களை அவர் சேர்ப்பதில்லை. தன் படத்தில் வருபவர்களை 'மாடல்' என்றுதான் சொல்வார். வசனத்திலிருந்து உணர்ச்சி எல்லாம் வடிந்து போகும்வரை திரும்பத் திரும்பச் சொல்ல வைப்பார்.

அந்தப் படத்தில் மரியாக நடித்த ஆனுக்கு அப்போது 18 வயது. பிரெஸ்ஸோனிடம் அறிமுகப்படுத்தியவர் புளோரான்ஸ் தெலே. அதற்கு முன்பு இதே இயக்குநரின் படத்தில் ஜோன் ஆஃப் ஆர்க்காக நடித்தவர். வேடிக்கை என்னவென்றால் தெலேயும் பின்னாளில் நாவலாசிரியர் ஆனார், 2000-ல் பிரெஞ்சு மொழிக்கான உயர் அமைப்பான பிரெஞ்சு அகாதெமிக்கே தேர்வானார். பிரெஸ்ஸோன் நடிக்க விடாத பெண்கள் எல்லாம் எழுத உட்கார்ந்துவிட்டார்கள் போல.

ஆனின் வீட்டில் எழுத்துக்குப் பஞ்சம் கிடையாது. அம்மாவின் அப்பா பிரான்சுவா மோரியாக், 1952-ல் இலக்கிய நோபல் வாங்கியவர். அப்பா, புரட்சிக்குப் பின் நாட்டை விட்டு வந்த ரஷ்யப் பிரபுக் குடும்பத்தவர். வெளிநாட்டுத் தூதரகப் பணி. அதனால் ஜெனீவா, கரகாஸ் என்று ஊர் ஊராக வளர்ந்தார். 1962-ல் அப்பா இறந்துவிட்டார். நோபல் பரிசு பெற்ற தாத்தா வீட்டில் இருக்கும்போது பேனாவை எடுக்க யாருக்குத்தான் துணிச்சல் வரும்? நாற்பது வயதுக்கு மேல்தான் முதல் புத்தகம் வந்தது என்பதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நான் நினைக்கிறேன். இது என் ஊகம்தான்.

1966 ஜூனில் ஆன் ஒரு சின்னக் கடிதம் எழுதுகிறார். 'மாஸ்குலாஂ ஃபெமினாஂ' படம் பிடித்திருந்தது, அதற்குப் பின்னால் இருக்கும் மனிதரையும் நேசிக்கிறேன் என்று. அனுப்பியது ஒரு சினிமாப் பத்திரிகையின் முகவரிக்கு, பெறுநர் அந்தப் படத்தின் இயக்குநர் ழான்-லுக் கோதார். கோதார் அவரைவிட 17 வயது மூத்தவர். அந்தச் சமயம் ஆன் பள்ளி இறுதித் தேர்வில் தவறி, செப்டம்பர் மறுதேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்த பெண். அடுத்த ஆண்டு ஜூலையில் இருவருக்கும் கல்யாணம். அப்போது பிரான்சில் 21 வயதுவரை மைனர் என்பதால் வீட்டாரின் சம்மதம் வேறு வாங்க வேண்டியிருந்தது.

அதே 1967-ல் வந்த 'லா ஷினுவாஸ்' படத்தில் மாவோவை நம்பும் மாணவியாக நடித்தார். அதில் ஒரு நீண்ட ரயில் காட்சி. எதிரே உட்கார்ந்திருப்பவர் பிரான்சிஸ் ழான்சோன், நிஜ வாழ்க்கையில் ஆனுக்குத் தத்துவம் சொல்லிக்கொடுத்தவர். பல்கலைக்கழகத்தைக் குண்டு வைத்து மூட வேண்டும் என்று அவள் வாதாடுகிறாள், அவர் பொறுமையாக மடக்குகிறார். ஆனால் ஆனின் காதில் சின்னக் கருவி. அவள் பேசவேண்டியதைக் கோதார்தான் அதில் சொல்லிக்கொண்டிருந்தார். மறு ஆண்டு லண்டனில் எடுத்த 'ஒன் ப்ளஸ் ஒன்' படத்தில் இன்னும் மோசம்: காட்டுக்குள் பேட்டியாளர் நீள நீளமாகக் கேட்கும் கேள்விகளுக்கு ஆம், இல்லை என்று மட்டும் சொல்லிக்கொண்டு நடக்கிறார். இத்தாலிய இயக்குநர் பசோலினியின் 'தெயொரேமா'வில் (1968) முஷ்டியை மூடிக்கொண்டு பேச்சு மூச்சில்லாமல் படுத்துவிடும் மகள். ஒருவர் வசனத்தைச் சப்பையாக்கினார், ஒருவர் காதுக்குள் ஓதினார், ஒருவர் கட்டிலில் கிடத்தினார். மூன்று பேரும் மேதைகள், அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனாலும் இந்தப் பெண்ணுக்கு என்ன தோன்றியது என்று யாரும் கேட்டதாகத் தெரியவில்லை.

1970-ல் கோதாரைப் பிரிந்தார், விவாகரத்து 1979-ல். இடையில் வேறு படங்கள், அவற்றை விட்டுவிடுகிறேன். 1988-ல் முதல் சிறுகதைத் தொகுப்பு. 1993-ல் 'கனீன்' நாவலுக்குப் பள்ளி மாணவர்கள் தேர்ந்தெடுக்கும் கோன்கூர் என்ற பிரெஞ்சு இலக்கியப் பரிசு. 1998-ல் அப்பா வழி ரஷ்யக் குடும்பத்தின் கதையிலிருந்து எழுதிய 'யூன் புவாஞே த ழான்' நாவலுக்கு அகாதெமியின் பெரும் பரிசு. கோதாரின் முன்னாள் மனைவி என்ற அடைமொழி தேவைப்படாத எழுத்தாளராகத் தன்னை நிறுத்திக்கொண்ட பிறகுதான் சினிமா நினைவுகளில் கை வைத்தார் என்பதைக் கவனிக்க வேண்டும்.

அப்படி வந்ததுதான் 2007-ல் 'ழொன் ஃபீய்', அதாவது 'இளம்பெண்'. பல்தசார் படப்பிடிப்பு நடந்த கோடைக்காலத்தைப் பற்றிய நாவல், உண்மைப் பெயர்களோடு. அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு தட்டுத் தடுமாறித்தான் படித்தேன். அறுபதைத் தாண்டிய இயக்குநர் முதலில் கையைப் பிடித்துக்கொள்வார், கன்னத்தைத் தடவுவார், பிறகு முத்தமிட வருவார். தள்ளிவிட்டால் வற்புறுத்த மாட்டார், ஆனால் முகம் அப்படி வாடிவிடும். தள்ளிவிட்ட குற்ற உணர்ச்சி இந்தப் பெண்ணுக்கு. இதை எழுதும்போது ஆனுக்கு வயது அறுபதை நெருங்கிவிட்டது, பிரெஸ்ஸோன் இறந்து ஏழு வருடத்துக்கு மேல். பழி தீர்க்கும் தொனி எங்கும் இல்லை. அந்தப் படப்பிடிப்பில் தான் எவ்வளவு சந்தோஷமாக இருந்தேன் என்பதையும் மறைக்காமல் சொல்கிறார். சிலருக்கு இந்த நிதானம் பிடிக்காது, இன்னும் கடுமையாக எழுதியிருக்கலாம் என்பார்கள். எனக்கு இதுதான் பிடித்திருக்கிறது. படத்தில் அசையாமல் இருந்த முகத்துக்குப் பின்னால் என்ன ஓடியது என்பது நாற்பது வருடம் கழித்து அப்படியே கிடைக்கிறது.

அதனால் என் யோசனை: முதலில் பல்தசாரைப் பாருங்கள், அப்புறம் 'இளம்பெண்' படியுங்கள். கோதார் காலம் வேண்டுமானால் 'யூன் அனே ஸ்துதியூஸ்' (2012), அதன் தொடர்ச்சியாக 1968 மே மாதக் கலவரத்தைச் சொல்லும் 'அன் ஆன் அப்ரே' (2015). பிரெஞ்சு வராது என்றால், அம்மாவும் அப்பாவும் போர் முடிந்த பெர்லினில் சந்தித்த கதையான 'மோன் ஆன்ஃபான் த பெர்லாஂ' (2009) ஆங்கிலத்தில் கிடைக்கிறது. செஞ்சிலுவைச் சங்க ஆம்புலன்ஸ் ஓட்டிய அம்மாவின் நாட்குறிப்பையும் கடிதங்களையும் வைத்து எழுதியது.

கடைசியாக ஒன்று. 'அன் ஆன் அப்ரே'யைப் படமாக்க இயக்குநர் மிஷெல் அசனவிசியூஸ் தொலைபேசியில் அனுமதி கேட்டபோது ஆன் முடியாது என்றுவிட்டாராம். சரி என்று வைக்கப் போனவர், "அவ்வளவு சிரிப்பு வருகிற புத்தகம், வருத்தமாக இருக்கிறது" என்கிற மாதிரி ஏதோ சொல்லியிருக்கிறார். "எனக்கும் அது சிரிப்பாகத்தான் இருந்தது, ஆனால் இதுவரை ஒருவரும் அப்படிச் சொல்லவில்லை" என்று ஆன் மனம் மாறிவிட்டாராம். அந்தப் படம் 2017 மே மாதம் கான் விழாவில் வந்தது. அக்டோபர் 5 அன்று ஆன் புற்றுநோயால் இறந்தார்.