யாழ்ப்பாணத்தில் இருப்பவர் மேல் தமிழ்நாட்டில் போட்ட மோசடி வழக்கை, விளக்கத்துக்கு (நீதிமன்ற வழக்கு விசாரணைக்கு) எடுக்க முன்னரே நிறுத்த முடியுமா?

முடியும். ஆனால் "ஏமாற்றவில்லை, கட்ட வசதியில்லாமல் போய்விட்டது" என்று நீங்கள் சொன்னால் மட்டும் நிற்காது. முறைப்பாட்டை வாசிக்கும்போதே அது தெரிய வேண்டும்.

நீங்கள் எழுதியதன்படி, உங்கள் அண்ணாவுக்கு யாழ்ப்பாணத்தில் புடவைக்கடை. திருச்சி மொத்த வியாபாரி ஒருவரிடம் சில வருடமாகக் கடனுக்குச் சரக்கு எடுத்து ஒழுங்காகக் கட்டி வந்தவர். 2022 நெருக்கடியில் பாக்கி நின்றது. இப்போது அங்கே பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 420 (மோசடி), 406 (நம்பிக்கை மோசடி) பிரிவுகளில் முதல் தகவல் அறிக்கை பதிந்திருக்கிறார்கள். இதுதான் நிலைமை என்றால் வழக்கை ரத்து செய்யக் கேட்க நல்ல அடிப்படை இருக்கிறது. "கிடக்கட்டும், இந்தியாப் பக்கம் போகாமல் விட்டால் சரி" என்பவர்களின் கதையைக் கேட்காதீர்கள். அப்படி விட்டால் பிணையில் வரமுடியாத பிடியாணையும், விமான நிலையங்களுக்குத் தேடுதல் அறிவித்தலும்தான் அடுத்து வரும். பிறகு வேளாங்கண்ணிக்குக்கூடப் போக முடியாது.

இங்கே மேல் நீதிமன்ற வழக்கைச் சட்டமா அதிபரே தொடராமல் விடலாம். அந்த நினைப்போடு இந்திய வழக்கைப் பார்க்க வேண்டாம். அங்கே அரசு வழக்கறிஞர் வாபஸ் வாங்குவதற்கும் நீதிமன்றத்தின் சம்மதம் வேண்டும். முதல் தகவல் அறிக்கையையே ரத்து செய்யும் உள்ளார்ந்த அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்குத்தான் உண்டு. மாவட்ட நீதிமன்றத்துக்கு அது இல்லை. திருச்சி வழக்கு என்றால் சென்னைக்கு அலையத் தேவையில்லை, மதுரைக் கிளையில் குற்றவியல் அசல் மனு போட வேண்டும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 482ஆம் பிரிவுதான், 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக சுரக்ஷா சன்ஹிதாவின் 528ஆம் பிரிவு. புதிய சட்டத்தில் 482 என்பது முன்ஜாமீன், அதாவது கைதுக்கு முன்பே கேட்கும் பிணை. இரண்டையும் குழப்பிக்கொள்ளாதீர்கள். குற்றப் பிரிவு மட்டும் சம்பவத் திகதியைப் பொறுத்தது, அதனால்தான் உங்கள் அண்ணா மேல் இன்னும் பழைய 420.

நீதிமன்றம் பார்ப்பது என்ன? பஜன் லால் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் 1990ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஏழு வகைகளைச் சொல்கிறது. உங்களுக்கு வேண்டியது முதலாவது: முறைப்பாட்டில் உள்ளதை முழுக்க உண்மை என்று எடுத்தாலும் குற்றம் எதுவும் தெரியவில்லை என்பது. மோசடி என்றால் ஏமாற்றும் எண்ணம் கொள்வனவு செய்த அன்றைக்கே இருந்திருக்க வேண்டும். பிறகு வாக்குத் தவறியது மோசடியாகாது. 2000ஆம் ஆண்டு ஹிருதய ரஞ்சன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. 406 இன்னும் பலவீனம். விற்ற சரக்கு வாங்கியவருடைய சொத்து, ஒப்படைத்த பொருள் அல்ல. ஒரே சம்பவத்துக்கு மோசடியும் நம்பிக்கை மோசடியும் சேர்ந்து நிற்காது என்று 2024இல் டெல்லி ரேஸ் கிளப் தீர்ப்பில் சொல்லியிருக்கிறார்கள்.

எந்த ஆவணத்தைக் கொடுப்பது என்பதில்தான் பலர் கெடுத்துக்கொள்கிறார்கள். உயர் நீதிமன்றம் இந்தக் கட்டத்தில் சாட்சியத்தை எடைபோடாது. வாட்ஸ்அப் உரையாடல், உறவினர் கடிதம் என்று கட்டுக்கட்டாகப் போட்டால் "இதையெல்லாம் விளக்கத்தில் சொல்லுங்கள்" என்று மனுவைத் தள்ளிவிடும். மற்றத் தரப்பு மறுக்கவே முடியாத தாள் மட்டும் போதும்: பழைய விலைப்பட்டியல்கள், அவற்றுக்குக் கட்டிய வங்கி அனுப்பீட்டுப் பத்திரங்கள், 2022 மார்ச்சுக்கு முந்திய ஒழுங்கான கொடுக்கல் வாங்கல். டொலர் மார்ச்சில் 200 ரூபாயிலிருந்து மே மாதத்தில் 350ஐத் தாண்டியது மத்திய வங்கியின் விகிதப் பட்டியலில் இருக்கிறது. அதையும் இணையுங்கள், எண்ணம் முதலிலேயே கெட்டதல்ல என்று காட்ட உதவும். பொய்ப் பெயரிலோ, இல்லாத கடையின் பெயரிலோ சரக்கு எடுத்திருந்தால் இதெல்லாம் வேலை செய்யாது, விளக்கத்துக்குப் போகத்தான் வேண்டும்.

"மூன்று வருடம் தாண்டிவிட்டது, காலாவதி" என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். 420க்கு ஏழு வருடம் வரை தண்டனை, அதற்குக் கால எல்லை இல்லை.

மனுப் போட்டதும் புலன்விசாரணை தானாக நிற்காது. இடைக்காலத் தடைக்குத் தனி மனு வேண்டும். 2021இல் உச்ச நீதிமன்றத்தின் நீஹாரிகா தீர்ப்புக்குப் பிறகு, காரணம் எழுதாமல் "கைது செய்யாதே" என்ற பொத்தாம்பொதுத் தடை கிடைப்பது கடினம். அதனால் முன்ஜாமீனையும் சேர்த்தே யோசியுங்கள். பொலிஸ் அழைப்பாணை வந்தால் சட்டத்தரணி மூலம் எழுத்தில் பதில் கொடுங்கள். அண்ணாவின் சத்தியக் கடதாசியை யாழ்ப்பாணத்திலுள்ள இந்தியத் துணைத் தூதரகத்தில் அதிகாரி முன் கையெழுத்திடலாம், அதற்கென்று விமானம் ஏறத் தேவையில்லை.

இடையில் குற்றப்பத்திரிகை தாக்கலாகிவிட்டால் மனுவைத் திருத்தி அதையும் எதிர்க்க வேண்டும். பலர் இதை விட்டுவிட்டு, மனு பயனற்றுப் போனது என்று கேள்விப்பட்ட பிறகுதான் ஓடுகிறார்கள். உயர் நீதிமன்றம் மறுத்தாலும் நடுவர் (நீதவான்) நீதிமன்றத்தில் விடுவிக்கக் கேட்கலாம். புதிய சட்டத்தின் 262ஆம் பிரிவின்படி, ஆவணப் பிரதிகள் கிடைத்த நாளிலிருந்து 60 நாளுக்குள்.

சமாதானமாகப் போகத் தயார் என்றால் 420ஐயும் 406ஐயும் நீதிமன்ற அனுமதியோடு இணங்கித் தீர்க்கலாம். குற்றப்பத்திரிகைக்குப் பிறகு என்றால் நடுவரிடமே முடியும், அது விடுதலைக்குச் சமம். அதற்கு முன் என்றால் கூட்டு மனுவாக உயர் நீதிமன்றம். முறைப்பாட்டாளரை அடையாளம் காட்டப் பொலிஸ் உத்தியோகத்தர் வருவார், ஆகவே முறைப்பாட்டாளரின் ஆதார் (இந்திய அடையாள அட்டை) பிரதி கையில் இருக்கட்டும்.

ஒன்று மட்டும் செய்ய வேண்டாம். பொலிஸ் நிலையத்தில் உட்கார வைத்து "இத்தனை இலட்சம் இத்தனை தவணையில் தருவேன்" என்று எழுதி வாங்கப் பார்ப்பார்கள். கையெழுத்துப் போட்டால் பிறகு தவறிய ஒவ்வொரு தவணையையும் வைத்துத்தான் அடிப்பார்கள். கொடுக்கல் வாங்கல் காசை அறவிடப் பொலிசுக்குப் போவது அங்கே மட்டுமல்ல, இங்கேயும் பழகிப்போன கெட்ட பழக்கம். 1988இலேயே மத்தியஸ்த சபைச் சட்டம் வந்த நாட்டில் ஐம்பதாயிரம் ரூபாய்க் கடனுக்கு ஒரு கடைக்காரரைப் பொலிஸ் நிலைய வாங்கில் நாள் முழுக்க இருத்துகிறார்கள். எனக்கு இதில் கோபம் உண்டு, மறைக்கவில்லை. கடன் வாங்கியவருக்குப் பரிந்து பேசுகிறேன் என்று யாரும் எழுத வேண்டாம்: பாக்கியை உரிமையியல் வழக்குப் போட்டு வாங்கட்டும், அதற்கு அண்ணா பதில் சொல்லத்தான் வேண்டும்.

ரத்து உத்தரவு கிடைத்த பிறகு அதன் சான்றுப்படுத்திய பிரதியை நடுவர் நீதிமன்றத்திலும் பொலிஸ் நிலையத்திலும் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்குங்கள். தேடுதல் அறிவித்தல் இருந்தால் அது தானாக அழியாது. அதைக் கேட்ட பொலிசே நீக்கச் சொல்லி எழுத வேண்டும், அந்தக் கடிதத்தின் பிரதி கைக்கு வரும்வரை அண்ணா டிக்கெட் போட வேண்டாம்.