எந்தக் கொடிக்கு விசுவாசம்? அமெரிக்க உள்நாட்டுப் போரின் ஜெனரல்கள் பற்றிக் கேள்வி பதில்

1861 முதல் 1865 வரை நடந்த அமெரிக்க உள்நாட்டுப் போரில் எதிரெதிரே நின்ற முக்கியத் தளபதிகள் பலரும் வெஸ்ட் பாயிண்ட் என்ற ஒரே ராணுவக் கல்லூரியில் படித்தவர்கள். மெக்சிகோ போரில் ஒரே கொடியின் கீழ் சண்டையிட்டவர்கள். அவர்கள் பிரிந்த விதம் பற்றி வந்த கேள்விகளும் பதில்களும் இங்கே. வடக்குத் தரப்பை 'ஒன்றியம்' என்றும், பிரிந்துபோன தென் மாநிலங்களைக் 'கூட்டமைப்பு' என்றும் குறிப்பிடுகிறேன்.

கேள்வி: ஐயா, கூட்டமைப்பின் தளபதி ராபர்ட் லீ வர்ஜீனியாக்காரர், சொந்த மாநிலம் பிரிந்தபோது அவருக்கு வேறு வழியே இல்லை என்றுதான் படித்திருக்கிறேன். உண்மையா?

பதில்: இல்லை, வழி இருந்தது. இதற்கு ஒரே ஒரு ரெஜிமெண்டைப் பார்த்தால் போதும். 1855இல் உருவான இரண்டாம் குதிரைப்படை ரெஜிமெண்டில் கர்னல் ஆல்பர்ட் சிட்னி ஜான்ஸ்டன், லெப்டினன்ட் கர்னல் லீ, மூத்த மேஜர் வில்லியம் ஹார்டி, இளைய மேஜர் ஜார்ஜ் தாமஸ் என்று நான்கு மேல்நிலை அதிகாரிகள். மேலே இருந்த மூவரும் தெற்கே போனார்கள். கடைசியில் இருந்த தாமஸ் மட்டும் ஒன்றியப் படையிலேயே தங்கினார். அவரும் லீயைப் போல வர்ஜீனியாவில் பிறந்தவர்தான். சௌத்தாம்டன் மாவட்டத்தில், அடிமைகளை வைத்திருந்த குடும்பத்தில் பிறந்தவர். 1861 ஏப்ரல் 25 அன்று லீயின் பழைய பதவியும், மே 3 அன்று ஜான்ஸ்டனின் பதவியும் அவருக்கே வந்தன.

ராணுவத்தின் தலைமைத் தளபதியாக இருந்த வின்ஃபீல்ட் ஸ்காட்டும் வர்ஜீனியாக்காரரே. குதிரைப்படையின் பிலிப் செயின்ட் ஜார்ஜ் குக்கும் அப்படித்தான். இருவரும் விலகவில்லை. பிறந்த மண் லீயை இழுத்தது என்பதை ஒப்புக்கொள்ளலாம். ஆனால் அதே மண் இவர்களை இழுத்துக்கொண்டு போகவில்லையே.

கேள்வி: ஒருவர் நேர்மையாக விலகினாரா, நம்பிக்கைத் துரோகம் செய்தாரா என்று எதை வைத்து முடிவு செய்வது?

பதில்: மூன்று தேதிகளை வரிசையாக எழுதிப் பாருங்கள். ராஜினாமாக் கடிதம் எழுதிய நாள், போர்த்துறை அதை ஏற்ற நாள், எதிர்த்தரப்பில் பதவி ஏற்ற நாள். கடிதம் கொடுத்தவுடன் அதிகாரி விடுபட்டுவிட மாட்டார். அது ஏற்கப்படும்வரை அவர் பழைய படையைச் சேர்ந்தவர்தான். அடுத்து, அவர் பொறுப்பிலிருந்த துப்பாக்கி, குதிரை, பணம் எல்லாம் யார் கைக்குப் போயின என்று பாருங்கள்.

லீயின் கணக்கு இது. 1861 மார்ச் கடைசியில் லிங்கன் கையெழுத்திட்ட கர்னல் பதவியை ஏற்கிறார். ஏப்ரல் 18 அன்று ஒன்றியப் படைக்குத் தலைமை ஏற்கும்படி லிங்கனின் தூதரான பிரான்சிஸ் பிளேர் மூலம் அழைப்பு வருகிறது, மறுக்கிறார். ஏப்ரல் 20 அன்று ராஜினாமா எழுதுகிறார். ஏப்ரல் 23 அன்று வர்ஜீனியத் தலைநகர் ரிச்மண்டில் வர்ஜீனியப் படைகளின் தலைமையை ஏற்கிறார். அவருடைய ராஜினாமா ஏற்கப்பட்டது ஏப்ரல் 25 அன்றுதான். இடையில் இரண்டு நாள் அவர் இரு பக்கத்திலும் இருந்தார். லீயைப் போற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் இந்த இரண்டு நாளைப் பேசாமல் தாண்டிவிடுகிறார்கள்.

ஜான்ஸ்டன் வேறு மாதிரி. பசிபிக் கரையில் இருந்த படைகள் முழுவதும் அவர் பொறுப்பில். ஏப்ரலில் ராஜினாமா அனுப்பினார், மாற்று அதிகாரி வந்து சேரும்வரை கிடங்குகளைக் காத்து, எல்லாவற்றையும் ஒப்படைத்துவிட்டே கிளம்பினார். டெக்சாஸில் டேவிட் ட்விக்ஸ் இதற்கு நேர்மாறு. ராஜினாமா ஏதும் செய்யாமல், பதவியில் இருந்தபடியே 1861 பிப்ரவரியில் தன் பொறுப்பிலிருந்த கோட்டைகளையும் தளவாடங்களையும் பிரிவினைவாதிகளிடம் ஒப்படைத்தார். மார்ச் 1 அன்று அவரைப் பணிநீக்கம் செய்த ஆணையில் கொடிக்குத் துரோகம் என்ற குற்றச்சாட்டு வெளிப்படையாகவே இருந்தது.

கேள்வி: தாமஸ் மட்டும் ஒரு சலனமும் இல்லாமல் நின்றாரா?

பதில்: சலனம் இருந்தது. 1860 கடைசியில் ரயில் பயணத்தின்போது விழுந்து முதுகில் அடிபட்டிருந்தார். இனி களத்தில் வேலை செய்ய முடியாதோ என்ற அச்சத்தில் 1861 ஜனவரியில் வர்ஜீனியா ராணுவப் பயிற்சிக் கழகத்தில் வேலை கிடைக்குமா என்று விசாரித்தார். மார்ச்சில் வர்ஜீனியா ஆளுநர் தரப்பிலிருந்து ஆயுதத்துறைத் தலைமைப் பதவி வந்தபோது வேண்டாம் என்றார். இந்தக் கடிதங்களைக் காட்டி அவரைச் சந்தர்ப்பவாதி என்பவர்கள் உண்டு. எனக்கு அது நியாயமாகப் படவில்லை. சந்தர்ப்பம் தேடியவர் என்றால் கிடைத்த பதவியை ஏன் மறுக்க வேண்டும்?

கேள்வி: மனைவி எந்த ஊர்க்காரி என்பதுதான் பக்கத்தை முடிவு செய்தது என்கிறார்களே?

பதில்: பாதி உண்மை. ஜான் பெம்பர்டன் பிறந்தது பென்சில்வேனியாவில், மனைவி வர்ஜீனியாக்காரர். தெற்கே போனார், இரண்டு தம்பிகள் வடக்கில் நின்றார்கள். கூட்டமைப்பின் ஆயுதத்துறையை நடத்திய ஜோசையா கோர்காஸும் பென்சில்வேனியாக்காரர், மனைவி அலபாமா. தாமஸின் மனைவி நியூயார்க் மாநிலத்தின் டிராய் நகரம். ஆனால் ஸ்காட்டின் மனைவி ரிச்மண்டைச் சேர்ந்தவர், அவர் அசையவில்லை. ஆக, இதைத் துணைக் காரணம் என்று எடுத்துக்கொள்ளுங்கள், சூத்திரமாக்காதீர்கள்.

பெம்பர்டனின் கதை வேதனையானது. 1863 ஜூலை 4 அன்று விக்ஸ்பர்க்கில் சுமார் 29,500 பேருடன் சரணடைந்தார். அமெரிக்கச் சுதந்திர தினத்தில் சரணடைந்தால் நல்ல நிபந்தனை கிடைக்கும் என்று கணக்குப் போட்டார். 'வடக்கத்தியான், விற்றுவிட்டான்' என்றது தெற்கு. லெப்டினன்ட் ஜெனரல் பதவியை விட்டுவிட்டு, பீரங்கிப்படையில் வெறும் லெப்டினன்ட் கர்னலாகப் போர் முடியும்வரை வேலை செய்தார். விற்றவன் அப்படிச் செய்ய மாட்டான்.

கேள்வி: படையில் சேரும்போது சத்தியம் செய்தார்களே, அது என்ன ஆயிற்று?

பதில்: அந்தக் காலச் சத்தியம் அமெரிக்க ஐக்கிய நாடுகளுக்கு உண்மையாக இருப்பதாகவும், 'அவற்றின்' எதிரிகள் அனைவரையும் எதிர்ப்பதாகவும் சொல்லும். 'அவை' என்ற பன்மையைப் பிடித்துக்கொண்டு, மாநிலம் போனால் சத்தியமும் போயிற்று என்று வாதிட்டார்கள். ஆனால் அந்த வாசகத்தில் எந்த மாநிலத்தின் பெயரும் கிடையாது. குடியரசுத் தலைவரின் ஆணைக்குக் கட்டுப்படுவதும் அதிலேயே இருந்தது. 1861 ஆகஸ்டில் நாடாளுமன்றம் ஓட்டையை அடைத்தது. எந்த மாநிலத்துக்கும் உள்ள கடமையைவிட ஒன்றியத்துக்கான விசுவாசமே மேல் என்று வெஸ்ட் பாயிண்ட் மாணவர்களுக்கான வாசகத்தில் எழுதிச் சேர்த்தார்கள்.

கேள்வி: ஒரே குடும்பத்தார் நேருக்கு நேர் மோதியது உண்டா அண்ணா?

பதில்: நிறைய. கென்டக்கியின் செனட்டர் ஜான் கிரிட்டெண்டன் போரைத் தவிர்க்கக் கடைசிவரை சமரசம் பேசியவர். அவர் மகன்களில் ஜார்ஜ் கூட்டமைப்பின் மேஜர் ஜெனரல், தாமஸ் ஒன்றியத்தின் மேஜர் ஜெனரல். 1862 ஜனவரி 19 அன்று மில் ஸ்பிரிங்ஸில் ஜார்ஜைத் தோற்கடித்தது மேலே சொன்ன ஜார்ஜ் தாமஸ்தான்.

ஒன்றியத்தின் குக்குக்கு மருமகன், கூட்டமைப்பின் புகழ்பெற்ற குதிரைப்படைத் தளபதி ஜெப் ஸ்டூவர்ட். தன் மகனுக்கு மாமனார் பெயரை வைத்திருந்தவர், அவர் வடக்கில் தங்கியது தெரிந்ததும் குழந்தையின் பெயரையே மாற்றினார். 1862 ஜூனில் சுமார் 1,200 குதிரை வீரர்களோடு ஒன்றியப் படையை முழுதாகச் சுற்றி வந்தபோது, துரத்தி வந்த குதிரைப்படை மாமனாருடையது. பிடிக்க முடியவில்லை.

எல்லா இழைகளும் ஒன்றாகச் சிக்கிய இடம் 1863 செப்டம்பர் 19, 20 தேதிகளில் நடந்த சிக்கமாகா போர். லிங்கனின் சகலை பென் ஹார்டின் ஹெல்ம் கூட்டமைப்பின் பிரிகேடியர். போர் தொடங்கிய சமயம் படைச் சம்பளப் பட்டுவாடா அதிகாரி வேலை தருவதாக லிங்கனே கூப்பிட்டார், ஹெல்ம் மறுத்துவிட்டார். 20ஆம் தேதி காலை தாமஸின் வரிசையைத் தாக்கும்போது குண்டடிபட்டு மறுநாள் இறந்தார். அதே முற்பகலில், பிரானன் படைப்பிரிவு இடம்விட்டுப் போய்விட்டது என்ற தவறான தகவலை நம்பி, வலப்பக்கம் இருந்த வுட் என்பவரை நகர்ந்து ரெனால்ட்ஸின் படையோடு ஒட்டி நிற்கச் சொல்லி ஒன்றியப் படையின் தலைவர் ரோஸ்கிரான்ஸ் ஆணை அனுப்பினார். பிரானன் இருந்த இடத்திலேயே இருந்தார். அவரைச் சுற்றித்தான் போக முடியும் என்பதால் வுட் வரிசையைவிட்டே விலகினார், உண்மையான இடைவெளி அப்போதுதான் உண்டானது. அந்த இடைவெளிக்குள் கூட்டமைப்பின் ஜெனரல் லாங்ஸ்ட்ரீட்டின் படை பாய்ந்தது. ரோஸ்கிரான்ஸ் களத்தைவிட்டுப் போனார், தாமஸ் கிரிட்டெண்டனும் போனார். மாலைவரை மேட்டில் நின்று தடுத்தவர் வர்ஜீனியாவின் ஜார்ஜ் தாமஸ். 'சிக்கமாகாவின் பாறை' என்ற பெயர் அன்று வந்தது.

கேள்வி: ஜெனரல்கள் பின்னால் நிற்பவர்கள்தானே? இவ்வளவு பேர் எப்படிச் செத்தார்கள்?

பதில்: கூட்டமைப்பின் 425 ஜெனரல்களில் 77 பேர் களத்தில் அல்லது அங்கே பட்ட காயத்தால் இறந்தார்கள், ஒன்றியத்தின் 583 பேரில் 47 பேர். பிரிகேடியர் என்பவர் நான்கைந்து ரெஜிமெண்டை நடத்துபவர். ஒரு ரெஜிமெண்ட் காகிதத்தில் 1,000 பேர், 1863 வாக்கில் களத்தில் பெரும்பாலும் 300, 400தான். குரலாலும் கைச்சைகையாலும் நடத்த வேண்டிய கூட்டம் அது. கெட்டிஸ்பர்க் போரில் கூட்டமைப்பின் ஜெனரல் ஆர்மிஸ்டெட் தன் தொப்பியை வாள் முனையில் மாட்டி உயர்த்திக் காட்டியது புகைக்குள் திசை தெரிவதற்காக. அதே சமயம், குழலின் உள்ளே சுழல்காடி வெட்டிய துப்பாக்கியும் அதற்கேற்ற மினியே குண்டும் வந்துவிட்டதால், பழைய துப்பாக்கிக்கு எட்டாத தூரத்திலிருந்தும் குறிவைக்க முடிந்தது. குதிரைமேல் இருப்பவர்தான் முதல் குறி. 1864 நவம்பர் 30 அன்று பிராங்க்ளின் போரில் மட்டும் கூட்டமைப்பு ஆறு ஜெனரல்களை இழந்தது.

கேள்வி: இரு பக்கமும் போரிட்டவர் யாராவது?

பதில்: பிராங்க் ஆர்ம்ஸ்ட்ராங். 1861 ஜூலையில் முதல் புல் ரன் போரில் ஒன்றியத் தரப்பில் போரிட்டார், ஆகஸ்டில் ராஜினாமா செய்தார், பிறகு கூட்டமைப்பின் ஜெனரல் ஆனார்.

கேள்வி: இவ்வளவு பேசுகிறீர்கள், அடிமை முறையைப் பற்றி வாயே திறக்கவில்லையே?

பதில்: சரியான கேள்வி. 'மாநிலத்துக்கு விசுவாசம்' என்றால் அந்த மாநிலம் எதற்காகப் பிரிந்ததோ அதற்கும் சேர்த்துத்தான். இதை உரைத்துப் பார்த்தவர் அயர்லாந்தில் பிறந்த பேட்ரிக் கிளபர்ன். 1864 ஜனவரியில், அடிமைகளுக்கு விடுதலை கொடுத்துப் படையில் சேர்த்தால்தான் தெற்கு பிழைக்கும் என்று சக தளபதிகள் முன் எழுதி வாசித்தார். தனி நாடாவதுதான் குறிக்கோள் என்றால் தெற்கு அந்த விடுதலையைக் கொடுத்திருக்கும். கூட்டமைப்பின் குடியரசுத் தலைவர் ஜெபர்சன் டேவிஸ் அந்தத் தாளை வெளியே தெரியாமல் அடக்கச் சொன்னார். கிளபர்ன் அதன்பின் பதவி உயர்வே பெறவில்லை, பிராங்க்ளினில் இறந்த அறுவரில் அவரும் ஒருவர். கறுப்பினத்தவரைப் படையில் சேர்க்கும் கூட்டமைப்பின் சட்டம் 1865 மார்ச்சில்தான் வந்தது, லீ சரணடைய ஒரு மாதம்கூட இல்லாத சமயத்தில்.

கேள்வி: தோற்ற ஜெனரல்களை ஏன் தூக்கில் போடவில்லை? மன்னிப்பு பெறுவது எப்படி நடந்தது?

பதில்: 1865 மே 29 பொதுமன்னிப்பில் கர்னலுக்கு மேற்பட்டவர்களும் வெஸ்ட் பாயிண்டில் படித்த கூட்டமைப்பு அதிகாரிகளும் விலக்கப்பட்டார்கள். அவர்கள் தனித்தனியாகக் குடியரசுத் தலைவருக்கு மனு எழுத வேண்டும், கூடவே விசுவாசச் சத்தியத்தில் கையெழுத்திட்டு அனுப்ப வேண்டும். லீ ஜூன் 13 அன்று மனு அனுப்பினார், சத்தியத் தாள் இணைக்கவில்லை. அக்டோபர் 2 அன்று கையெழுத்திட்டு அனுப்பினார், அது எங்கோ காகிதக் குவியலில் அமிழ்ந்துபோனது. 1970இல் தேசிய ஆவணக் காப்பகத்தில் கிடைத்தது, 1975இல் குடியுரிமை திரும்பியது. அவர் இறந்து 105 ஆண்டுகள் ஆகியிருந்தன. 1865 ஜூனிலேயே அவர்மீது துரோக வழக்கும் பதிவாகியிருந்தது. சரணடைந்தபோது கொடுத்த வாக்குறுதியை மீற விடமாட்டேன் என்று ஒன்றியத்தின் தலைமைத் தளபதி கிராண்ட் உறுதியாக நின்றதால் அந்த வழக்கு நடக்கவில்லை.

கேள்வி: தாமஸின் குடும்பம் பிறகாவது சமாதானம் ஆனதா சார்?

பதில்: ஆகவில்லை. சகோதரிகள் அவர் படத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தார்கள் என்று பல வரலாறுகளிலும் வரும். 1870இல் சான் பிரான்சிஸ்கோவில் இறந்தவரை மனைவியின் ஊரான டிராயில் அடக்கம் செய்தார்கள். மெக்சிகோ போர் வீரத்துக்காகச் சௌத்தாம்டன் மக்கள் அவருக்கு அளித்த வாள் வர்ஜீனியாவில் சகோதரிகளிடமே இருந்தது. பின்னர் அது ரிச்மண்டில் உள்ள வர்ஜீனியா வரலாற்றுச் சங்கத்துக்குப் போய்ச் சேர்ந்தது.